ஆண்டுகளை அழிக்கும் பேரரசு: வாசகர் கேள்வி பதில்

சிங்கப்பூர் ஈசூனிலிருந்து நாவல் எழுதும் வாசகி ஒருவரின் கேள்வியைச் சென்ற இதழில் போட்டு, பதில் பெரிதாக வரும், அடுத்த மாதம் பார்க்கலாம் என்று சொல்லியிருந்தேன். அதைப் படித்துவிட்டு வேறு சில வாசகர்களும் அதே விஷயத்தை ஆளுக்கொரு பக்கமாகப் பிடித்து எழுதியிருக்கிறார்கள். அதனால் இந்த மாதம் பிள்ளைகள் படிப்பு, வீடு, வேலை பற்றிய கேள்விகள் எல்லாம் காத்திருக்கட்டும். காலமும் சட்டமும் வரலாறும் மட்டும்தான்.

கேள்வி: என் நாவலில் ஒரு கற்பனைப் பேரரசு. அங்கே ‘காலச் சட்டம்’ என்று ஒன்று இருக்கிறது. புதிய பேரரசர் முடிசூடிய நாளிலிருந்து ஆண்டு ஒன்று என்று கணக்குத் தொடங்கும். முந்தைய பேரரசர்களின் ஆண்டுகளை யாரும் சொல்லவும் கூடாது, எழுதவும் கூடாது. அரசு வரலாற்றாசிரியர் எழுதியது மட்டுமே நடந்தது, மற்றதெல்லாம் நடக்காதது. படித்துப் பார்த்த தோழி, ‘எந்த அரசாங்கத்தால் இப்படிச் செய்ய முடியும், நம்பும்படி இல்லை’ என்கிறார். எப்படி நம்ப வைப்பது?
வாசகி, ஈசூன்

உங்கள் சட்டத்தின் முதல் பாதியைத் தோழி கண்ணை மூடிக்கொண்டு நம்பலாம். சோழர் கல்வெட்டுகளைப் பாருங்கள், இன்ன தேவர்க்கு யாண்டு இத்தனையாவது என்றுதான் காலம் குறித்திருப்பார்கள்; அரசர் மாறினால் எண்ணும் மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். ஜப்பானில் இன்றைக்கும் அரசு அலுவலகப் படிவங்களில் பேரரசரின் ஆட்சிக்கால ஆண்டைப் பார்க்கலாம். 2019 மே 1ஆம் தேதி புதிய பேரரசர் பதவிக்கு வந்தபோது ‘ரெய்வா’ முதலாண்டு பிறந்தது, ஆனால் அந்தப் பெயரை ஏப்ரல் 1ஆம் தேதியே அறிவித்துவிட்டார்கள், ஏனென்றால் கணினிகளையும் படிவங்களையும் மாற்ற அவகாசம் வேண்டும். பழைய பேரரசர் அரியணையில் இருக்கும்போதே அடுத்த காலத்தின் பெயர் அச்சகத்துக்குப் போய்விட்ட அந்த ஒரு மாதத்தை யோசித்துப் பாருங்கள். உங்கள் பேரரசில் அந்த மாதம் எவ்வளவு ஆபத்தானதாக இருக்கும்!

இரண்டாம் பாதியில்தான் தோழிக்குச் சந்தேகம். அந்தச் சந்தேகம் நியாயமானது, ஆனால் அவர் நினைக்கிற காரணத்தால் இல்லை. மக்கள் வாயை அடைக்க முடியாது என்று அவர் நினைக்கிறார். அடைக்கலாம், பல அரசுகள் அடைத்திருக்கின்றன. அடைக்க முடியாதது அரசின் சொந்தக் கணக்குப் புத்தகத்தை. நம் ஊரையே எடுத்துக்கொள்ளுங்கள், வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடு 99 ஆண்டுக் குத்தகை. பேரரசர் மாறும்போதெல்லாம் ஆண்டு ஒன்றாகிவிட்டால், பழைய ஆண்டுகளைச் சொல்வதும் குற்றமாகிவிட்டால், அந்தக் குத்தகையில் எத்தனை ஆண்டு மிச்சம் என்று யார் சொல்வது? படைக்கு ஆள் எடுக்க வேண்டும், பையனுக்கு 18 வயது ஆகிவிட்டதா? கடன் வாங்கியவர் மூன்று பேரரசர்களைக் கடந்துவிட்டார், வட்டி எத்தனை ஆண்டுக்கு? அரசுக்கு வரி வேண்டும், படை வேண்டும், அதற்காகவாவது தான் தடை செய்த ஆண்டுகளை அது ஒவ்வொரு நாளும் எண்ணியாக வேண்டும்.

ஆக, உங்கள் பேரரசில் எங்கோ ஓர் அறையில் ஒரு பட்டியல் இருக்கிறது. எந்தப் பேரரசர், எத்தனை ஆண்டு, எது எதற்குப் பின் என்று எல்லாவற்றையும் கோத்து வைத்த பட்டியல். சட்டப்படி அது இருக்கவே கூடாது, அது இல்லாமல் சட்டத்தையே நடத்த முடியாது. நாவலின் நடு மையம் அந்த அறைதான் என்று நான் நினைக்கிறேன், அரண்மனை இல்லை.

அந்தப் பட்டியலைத் தயாரிப்பதும் லேசான வேலை இல்லை. எல்லா அரசர்களின் ஆண்டுகளையும் வரிசையாகக் கூட்டினால் போதும் என்று தோன்றும். முதலாம் இராஜராஜன் இறந்தது 1014இல், ஆனால் இராஜேந்திரனின் ஆட்சியாண்டுகள் 1012இலிருந்தே எண்ணப்படுகின்றன, தந்தை இருக்கும்போதே இணையரசராகி விட்டதால். கண்ணை மூடிக்கொண்டு கூட்டினால் இரண்டு ஆண்டுகள் அதிகமாக வரும். அந்த இரண்டு ஆண்டுகளை வைத்துக்கொண்டு ஒருவர் சொத்தைப் பறிக்கலாம், இன்னொருவரைச் சிறையிலிருந்து முன்னதாகவே விடலாம்.

உண்மையில் இப்படிப்பட்ட பட்டியல்களைப் பத்திரமாகக் காத்தவர்களில் வானியல் அறிஞர்கள் முக்கியமானவர்கள். தாலமியின் பெயரால் வழங்கும் அரசர் பட்டியல் ஒன்று இருக்கிறது, கி.மு. 747இல் பாபிலோனின் நபொனஸார் மன்னரிலிருந்து தொடங்கி பாரசீகர், கிரேக்கர், ரோமானியர் என்று போகும். பழைய கிரகணக் குறிப்புகளுக்கு நாள் கணக்குப் போடுவதற்காக வைத்திருந்த பட்டியல் அது, யாரையும் புகழ்வதற்காக எழுதியது கிடையாது. ஓராண்டை நிரப்பாத அரசர்களை அது கணக்கிலேயே சேர்க்காது. நீரோவுக்கு அடுத்தது வெஸ்பாசியன், நடுவில் அடித்துக்கொண்ட மூன்று பேருக்கும் இடமில்லை. கிரகணம் எந்தச் சட்டத்துக்கும் கட்டுப்படாது அல்லவா? அசீரியர்கள் ஒவ்வோர் ஆண்டுக்கும் ஓர் அதிகாரியின் பெயரை வைத்தார்கள், அந்த வரிசையில் ஓர் ஆண்டில் சூரிய கிரகணம் நடந்ததாக ஒரு வரி இருக்கிறது. அது கி.மு. 763 ஜூன் 15ஆம் தேதி என்று இன்று கணக்கிட்டுச் சொல்ல முடிகிறது, அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு மற்ற ஆண்டுகளையும் அடுக்கிவிடலாம். அரசு வரலாற்றாசிரியர் எத்தனை ஆண்டுகளைக் கிழித்தாலும் வானத்தைப் பார்த்து எழுதிய ஒரு குறிப்பு தப்பித்தால் போதும்.

கணக்கெழுத்து எப்படி அரசைக் காட்டிக்கொடுக்கும் என்பதற்கு நம்மிடமே ஓர் அருமையான உதாரணம் இருக்கிறது. இராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலன் கொல்லப்பட்டான். திருவாலங்காட்டுச் செப்பேடு அரசவம்சத்தின் புகழைப் பாடும் ஆவணம், அதில் வானுலகைக் காணும் ஆசையால் அவன் மறைந்துவிட்டதாக அழகாக எழுதியிருக்கிறது. கொலை என்ற பேச்சே இல்லை. ஆனால் காட்டுமன்னார்கோயில் உடையார்குடிக் கோயிலில் இராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று, பாண்டியன் தலைகொண்ட கரிகால சோழனைக் கொன்ற துரோகிகள் என்று ரவிதாசன், சோமன் முதலானவர்களின் பெயரைப் போட்டுவிடுகிறது. வரலாறு சொல்வதற்காக யாரும் அதை வெட்டவில்லை. துரோகிகளின், அவர்களைச் சேர்ந்தவர்களின் நிலங்களை என்ன செய்வது என்ற சொத்து விவகாரம் அது. நிலத்தைப் பறிமுதல் செய்தால் ஏன் என்று எழுதத்தானே வேண்டும்? புகழ்மொழி மறைத்ததை நிலக்கணக்கு உடைத்துவிட்டது. கல்வெட்டைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கும். ஆயிரம் ஆண்டு கழித்து நமக்கு உண்மையைச் சொன்னது ஒரு சொத்து நடவடிக்கை.

இதையெல்லாம் சட்டத்தின் வாசகத்திலேயே கொண்டுவர முடியும். 1752இல் பிரிட்டன் பழைய நாட்காட்டியை விட்டுப் புதியதுக்கு மாறியபோது செப்டம்பர் 2க்கு மறுநாள் செப்டம்பர் 14 ஆனது. அந்தச் சட்டத்தை எழுதியவர்கள் வாடகை, கடன், ஒப்பந்தம் இவற்றின் கெடு அந்த 11 நாட்களால் முன்னுக்கு வந்துவிடக் கூடாது என்று அதிலேயே எழுதி வைத்தார்கள். பிரிட்டனில் வரி ஆண்டு இன்றும் ஏப்ரல் 6ஆம் தேதி என்ற விநோதமான நாளில் தொடங்குவதற்கும் வேர் அந்த மாற்றத்தில்தான் இருக்கிறது. உங்கள் காலச் சட்டத்திலும் பேரரசரின் மாட்சிமை பற்றி ஒரு பத்தி போதும். வட்டி, வயது, தண்டனைக் காலம், குத்தகை இவற்றுக்கு நான்கு பக்கம் ஒதுக்குங்கள். தோழி நம்பிவிடுவார்.

இன்னொன்று, ஊழல். பழைய ரோமில் ஆண்டுக்கு இடையிடையே ஒரு கூடுதல் மாதத்தைச் சேர்க்கும் அதிகாரம் சமயத் தலைவர்களிடம் இருந்தது. வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டை நீட்டுவது, வேண்டாதவர் என்றால் சேர்க்காமல் விடுவது என்று அதை அரசியலாக்கினார்கள், கடைசியில் மாதங்களுக்கும் பருவங்களுக்கும் சம்பந்தமே இல்லாமல் போய்விட்டது. ஜூலியஸ் சீசர் அதைச் சரிக்கட்ட கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாட்களாக நீட்ட வேண்டியதாயிற்று. உங்கள் பட்டியல் அறை எழுத்தரிடம் ஒருவர் வந்து எனக்கு ஒரே ஒரு மாதம் கூட்டிக் கொடு என்று கேட்டால் கதை தானாக நகரும்.

கேள்வி: ‘ஜப்பான்காரன் காலத்தில் விடியும் முன்பே வேலைக்கு ஓடினோம்’ என்று என் பாட்டி சொல்வார். வேலை நேரத்தை மாற்றினார்களா, கடிகாரத்தையே மாற்றினார்களா? கற்பனைப் பேரரசு பற்றிய கேள்வியைப் பார்த்ததும் இது நினைவுக்கு வந்தது.
வாசகர், தெம்பனிஸ்

கடிகாரத்தையேதான். 1942 பிப்ரவரி 15ஆம் தேதி சிங்கப்பூர் சரணடைந்த கையோடு இங்கே தோக்கியோ நேரம் வந்துவிட்டது. அதுவரை கிரீன்விச்சுக்கு ஏழரை மணி நேரம் முன்னால் இருந்தோம், ஒரேயடியாக 9 மணி நேரம் முன்னால் தள்ளப்பட்டோம். கடிகாரம் காலை 8 என்றால் சூரியக் கணக்கில் ஆறு மணிகூட ஆகியிருக்காது. பாட்டி சொன்னதில் மிகை எதுவும் இல்லை.

ஆண்டையும் மாற்றினார்கள். ஊருக்கு சியோனான் என்று பெயர், ஆண்டு 2602. அந்த எண் ஜப்பானின் முதல் பேரரசர் என்று புராணம் சொல்லும் ஜிம்மு, கி.மு. 660இல் அரியணை ஏறினார் என்பதிலிருந்து வருகிறது. அவர் இருந்தார் என்பதற்கே சான்று இல்லை. சிங்கப்பூரில் செய்தித்தாளைப் பிரித்தால் தேதிக்குப் பக்கத்திலேயே அந்தப் புராணம் அச்சாகியிருக்கும். காலச் சட்டமும் அதிகாரபூர்வ வரலாறும் ஒரே எண்ணுக்குள் அடங்கிவிட்டன. ஈசூன் வாசகி இதைக் கவனிக்க வேண்டும், வரலாற்றைத் தனியாகப் போதிக்கக்கூடத் தேவையில்லை, ஆண்டை எழுத வைத்தாலே போதும், எழுதுகிறவர் நம்பினாலும் நம்பாவிட்டாலும்.

1945 செப்டம்பர் 12ஆம் தேதி நகர மண்டபத்தில் ஜப்பானியர் சரணடைந்ததும் கடிகாரம் பழையபடி ஏழரைக்குத் திரும்பியது. ஆனால் திரும்பி வந்த பிரிட்டிஷாரும் ஒரு பேரரசுதான், அவர்களும் சும்மா இருக்கவில்லை. 1945 ஜூலை 8ஆம் தேதி எஸ்பிளனேடில் நேதாஜி அடிக்கல் நாட்டிய இந்திய தேசிய ராணுவ நினைவுச்சின்னத்தை மவுண்ட்பேட்டன் உத்தரவில் வெடிவைத்துத் தகர்த்தார்கள். கட்டி எழுப்பிச் சில வாரங்கள்கூட ஆகவில்லை. அந்த ராணுவத்தில் சேர்ந்தவர்களில் மலாயா தோட்டங்களில் பால்மரம் வெட்டிய தமிழர்கள் ஏராளம், ஜான்சி ராணிப் படையில் நம் பெண்கள் இருந்தார்கள். அவர்களுடைய கல்லைத் தகர்த்தால் அவர்களும் இல்லாமல் போவார்கள் என்ற எண்ணம்தானே? 1995இல், போர் முடிந்து 50 ஆண்டு ஆனபோது, அந்த இடத்தில் ஒரு நினைவுக் குறிப்பு நிறுவப்பட்டது. எஸ்பிளனேடு பூங்காப் பக்கம் போனால் நின்று படித்துவிட்டு வாருங்கள், பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். பாட்டி இருக்கிறார் என்றால் அவர் பேச்சைப் பதிவு செய்துவிடுங்கள், கைப்பேசியே போதும்.

கேள்வி: சூரியன் ஏன் இங்கே 7 மணிக்கு உதிக்கிறது? பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் 6 மணிக்குத்தானே உதிக்க வேண்டும்?
வாசகர், ஜூரோங்

சட்டத்தால்தான். நாம் இருக்கும் தீர்க்கரேகைப்படி கிரீன்விச்சுக்கு ஏறக்குறைய 6 மணி 55 நிமிடம் முன்னால் இருக்க வேண்டும். 1905இல் அதை முழு 7 மணியாக்கினார்கள். 1933இல் மாலை வெளிச்சம் கூடுதலாகக் கிடைக்கட்டும் என்று 20 நிமிடம் கூட்டினார்கள், 1941இல் இன்னும் 10. அப்புறம் மேலே சொன்ன ஜப்பானியக் காலம். கடைசியாக மலேசியா தன் மேற்குப் பகுதியையும் சபா, சரவாக்கையும் ஒரே நேரத்துக்குக் கொண்டுவந்தபோது நாமும் சேர்ந்துகொண்டோம்: 1981 டிசம்பர் 31 இரவு 11.30க்கே 1982 பிறந்துவிட்டது. அந்த அரை மணி நேரம் சிங்கப்பூர் வரலாற்றிலேயே இல்லை. உச்சிவெயில் இங்கே 12 மணிக்கு வராமல் 1 மணியை ஒட்டி வருவதும் அதனால்தான்.

கேள்வி: நான் உயர்நிலைப் பள்ளி மாணவன். என் சிறுகதையில் ஒரு பையனின் பெயரை அரசாங்கம் எல்லா இடங்களிலிருந்தும் அழித்துவிடுகிறது. உண்மையில் ஒருவரை முழுவதுமாக அழிக்க முடியுமா?
மாணவர், தோ பாயோ

தம்பி, நல்ல கதைக் கரு. ரோமில் கராகல்லா என்ற பேரரசர் 211ஆம் ஆண்டு முடிவில் தன் தம்பி கெட்டாவைக் கொன்றுவிட்டு, அவன் பெயரையும் உருவத்தையும் பேரரசு முழுவதும் அழிக்கச் சொன்னார். ரோமில் அவர்கள் அப்பாவின் வெற்றி வளைவில் கெட்டாவின் பெயர் இருந்த வரியை எடுத்துவிட்டு வேறு புகழ்ச்சொற்களைப் பொருத்தினார்கள். ஆனால் பழைய உலோக எழுத்துகளை இறுக்கியிருந்த ஓட்டைகள் கல்லில் அப்படியே நின்றுவிட்டன, அந்த ஓட்டைகளை வைத்தே முதலில் என்ன எழுதியிருந்தது என்று படிக்க முடிகிறது. பெர்லினில் அந்தக் குடும்பத்தின் வண்ண ஓவியம் ஒன்று உண்டு, நான்கு பேரில் ஒரு பிள்ளைக்கு முகம் இருக்கும் இடம் சுரண்டப்பட்டிருக்கிறது. அழித்தவர்கள் அவசரக்காரர்கள், அழித்த தடத்தை அழிக்கவில்லை. உன் கதையிலும் பெயர் இருந்த இடம் தெரியட்டும்.

அரசு வரலாற்றாசிரியர்கள் எல்லோரும் அரசனுக்குத் தலையாட்டுகிறவர்கள் என்றும் நினைத்துவிடாதே. கி.மு. 548இல் சீனாவின் சீ நாட்டில் சூய் ஷூ என்ற அமைச்சர் தன் அரசரைக் கொன்றார். ‘சூய் ஷூ தன் அரசரைக் கொன்றார்’ என்று அரசவை வரலாற்றாசிரியர் எழுதினார். அவரைக் கொன்றார்கள். அவர் தம்பி வந்து அதே வரியை எழுதினார், அவரும் செத்தார். இன்னொரு தம்பி, அதே வரி, அதே முடிவு. அதற்கடுத்த தம்பியும் வந்து அதையே எழுதியபோது சூய் ஷூ விட்டுவிட்டார். எல்லோரும் செத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டு, தெற்கிலிருந்து இன்னொரு வரலாற்றாசிரியர் மூங்கில் ஏடுகளைத் தூக்கிக்கொண்டு புறப்பட்டு வந்தாராம், எழுதியாகிவிட்டது என்று தெரிந்ததும் திரும்பிப் போனாராம். ஒரே ஒரு வரிக்காக! நான் சந்தித்த கதைகளில் இதைவிட உயர்ந்த வீரக்கதை எனக்குத் தெரியாது.

கொரியாவில் ஜோசன் அரசர்கள் தங்களைப் பற்றி எழுதப்படும் குறிப்புகளைப் பார்க்கக் கூடாது என்பது முறை. 1404இல் தேஜோங் மன்னர் மான் வேட்டையில் குதிரையிலிருந்து விழுந்தார், எழுந்ததும் முதல் வேலையாக, வரலாற்று எழுத்தருக்குத் தெரிய வேண்டாம் என்று சொன்னார். அவர் அப்படிச் சொன்னதையும் சேர்த்தே எழுதி வைத்திருக்கிறார்கள். அந்த ஆண்டேடுகளைப் பல இடங்களில் படியெடுத்து வைத்திருந்தார்கள், 1592இல் ஜப்பானியப் படையெடுப்பில் மற்றவை எரிந்துபோக ஜொன்ஜு நகரத்துப் படி மட்டும் தப்பியது. அழிக்கும் அரசுக்கு எல்லாப் பிரதியும் கையில் கிடைக்க வேண்டும். காக்கிறவருக்கு ஒன்று தப்பினால் போதும். இந்த வித்தியாசத்திலேயே உன் கதையை எழுதலாம்.

ஆனால் உன் கேள்விக்கு நேர்மையான பதில்: முடியும். கெட்டா பேரரசரின் மகன், அதனால் தடம் மிஞ்சியது. பெயரே ஒரு தடவைதான் எழுதப்பட்டது என்றால், அதுவும் ஏதோ ஒரு கப்பலின் ஆள் பட்டியலிலோ தோட்டத்துச் சம்பளப் பதிவிலோ மட்டும் என்றால், அந்தத் தாள் போனால் ஆளே போய்விடுவார். அழிக்கச் சட்டம்கூட வேண்டாம். சிங்கப்பூர் ஆற்று முகப்பில் பழைய எழுத்துகள் செதுக்கிய பெரிய பாறை இருந்தது, 1843இல் கட்டுமான வேலைக்காக வெடிவைத்துப் பிளந்தார்கள். ஒரு துண்டு தேசிய அரும்பொருளகத்தில் இருக்கிறது, இதுவரை யாராலும் படிக்க முடியவில்லை. அந்த எழுத்துகளைச் செதுக்கச் சொன்னவர் யார் என்று நமக்குத் தெரியாமலே போய்விட்டது.

கேள்வி: தமிழ்ப் புத்தாண்டு தையிலா சித்திரையிலா? இதுவும் காலச் சட்டம்தானே?
வாசகி, உட்லண்ட்ஸ்

ஆமாம், இதைவிடப் பொருத்தமான உதாரணம் கிடையாது. 2008இல் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று சட்டம் போட்டது, 2011இல் ஆட்சி மாறியதும் அந்தச் சட்டத்தை நீக்கிவிட்டார்கள். இரண்டு தரப்பிலும் படித்தவர்கள் இருக்கிறார்கள், இரண்டு தரப்புக்கும் காரணங்கள் இருக்கின்றன. என் அபிப்பிராயம் கேட்டால், எந்த நாள் என்பதை மக்கள் கோலம் போட்டு முடிவு செய்யட்டும், சட்டமன்றம் அதில் இறங்கியிருக்க வேண்டியதில்லை. இங்கே சிங்கப்பூரில் நம் கோயில்களில் சித்திரை முதல் நாள் பூசை நடக்கிறது, தையில் பொங்கலுக்குச் சிராங்கூன் சாலை முழுக்கக் கரும்பு நிற்கிறது. மறுபக்கம், தமிழ்நாட்டு அரசு பயன்படுத்தும் திருவள்ளுவர் ஆண்டு (ஆங்கில ஆண்டோடு 31ஐக் கூட்டினால் வரும்) யாரையும் எதையும் மறக்கச் சொல்லாமல் பக்கத்திலேயே இன்னொரு எண்ணாக நிற்கிறது. அப்படி ஒன்றைச் சேர்ப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. உள்ளதை எடுப்பதில்தான் ஆட்சேபம்.

கேள்வி: இப்படிப்பட்ட சட்டத்தைச் சாதாரண ஜனங்கள் எப்படி எதிர்ப்பார்கள்? எல்லோராலும் புரட்சி செய்ய முடியாதே.
வாசகர், செங்காங்

கடிகாரத்தைத் திருப்பாமல் விட்டாலே எதிர்ப்புதான். 1949க்குப் பின் சீனா முழுவதற்கும் பெய்ஜிங் நேரம்தான் சட்டம், ஆனால் மேற்கே சின்ஜியாங்கில் உய்குர் மக்கள் பலர் இரண்டு மணி நேரம் பின்னால் இருக்கும் உள்ளூர் நேரத்தைப் புழங்கினார்கள். அங்கே எத்தனை மணிக்குச் சந்திக்கலாம் என்று கேட்டால், எந்த நேரப்படி என்ற கேள்வி வரும், சொல்லும் பதிலில் நீங்கள் யார் என்பதும் வெளிப்பட்டுவிடும். இலங்கையில் 1996இல் அரசாங்கம் கடிகாரத்தை முதலில் ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி, பிறகு அரை மணியாகக் குறைத்தது. விடுதலைப் புலிகள் வசமிருந்த பகுதிகள் பழைய நேரத்திலேயே இருந்தன. ஒரே தீவில் இரண்டு நேரம், 2006இல் அரசு பழைய நேரத்துக்கே திரும்பும் வரை. சாவடியைக் கடந்து போனவர்களுக்கு அந்த அரை மணி நேரம் எப்படி இருந்திருக்கும் என்று யாழ்ப்பாணத்து நண்பர்கள் யாராவது இருந்தால் கேட்டுப் பாருங்கள்.

சட்டம் வாழ்க்கைக்கு ஒத்துவராமல் தானாகவே விழுந்ததும் உண்டு. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793இல் வாரத்தைப் பத்து நாளாக்கினார்கள், நாளைப் பத்து மணியாக்கினார்கள். பத்து மணிக் கடிகாரக் கட்டாயம் 1795லேயே கைவிடப்பட்டது, நாட்காட்டியை 1806 தொடக்கத்தில் நெப்போலியன் எடுத்துவிட்டார். ஏழு நாளுக்கு ஒரு முறை ஓய்வு என்று இருந்தவர்களுக்குப் பத்து நாளுக்கு ஒரு முறை என்றால் யாருக்குப் பிடிக்கும்? சோவியத் யூனியனில் 1929இல் ஐந்து நாள் சுற்று கொண்டுவந்து, தொழிலாளர்களை ஐந்து வண்ணங்களாகப் பிரித்து ஒவ்வொரு வண்ணத்துக்கும் ஒவ்வொரு நாள் விடுமுறை கொடுத்தார்கள். கணவன் மஞ்சள், மனைவி சிவப்பு என்றால் இரண்டு பேரும் சேர்ந்து வீட்டில் இருக்க ஒரு நாள்கூடக் கிடையாது. 1940இல் ஏழு நாள் வாரத்துக்கே திரும்பினார்கள். ஷிப்ட் வேலை பார்க்கும் தம்பதிகள் இங்கேயும் நிறைய, அவர்களைக் கேட்டால் இந்தச் சட்டத்தின் வலியை வரலாற்றுப் புத்தகத்தைவிட நன்றாகச் சொல்வார்கள்.

கேள்வி: மறுபடி ஈசூனிலிருந்து. காலச் சட்டத்தின் முழு வாசகத்தையும் நாவலின் முதல் அத்தியாயமாகப் போடலாமா? 40 பிரிவுகள் எழுதிவிட்டேன்.

எழுதியது வீண் இல்லை, அத்தனையும் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் முதல் அத்தியாயத்தில் வேண்டாம். வாசகர் மூன்றாம் பிரிவிலேயே புத்தகத்தை மூடிவிடுவார். சட்டத்தை ஜனங்கள் முழுசாகப் பார்ப்பதே இல்லை, முகப்பில் நீட்டப்படும் படிவமாகவும் அபராதச் சீட்டாகவும் துண்டு துண்டாகத்தான் அது அவர்களிடம் வருகிறது. அப்படியே கொடுங்கள். பழைய ஆட்சியில் பிறந்த ஒருவர் வயதை எந்தக் கட்டத்தில் நிரப்புவது, இறந்துபோன அப்பாவின் நடுகல்லில் இருக்கும் ஆண்டைச் செதுக்கி எடுக்க யார் கூலி கொடுப்பது, பழைய தேதியோடு வந்த காதல் கடிதத்தை என்ன செய்வது, இந்த மாதிரி இடங்களில் பிரிவு எண்ணோடு ஒரு வரி வந்தால் போதும்.

எழுதும்போது பழைய செய்தித்தாள்களைப் பார்ப்பது ரொம்ப உதவும். தேசிய நூலக வாரியத்தின் இணையத் தொகுப்பில் பழைய தமிழ் முரசு இதழ்கள் இருக்கின்றன, ஆட்சி மாறும் சமயங்களில் அறிவிப்புகள் எந்தத் தொனியில் வருகின்றன என்று பாருங்கள், உங்கள் பேரரசின் குரல் அங்கே கிடைக்கும். முதலில் அந்த ரகசியப் பட்டியலைத் தயார் செய்யுங்கள், பேரரசர்கள், ஆண்டுகள், ஒன்றின்மேல் ஒன்று விழும் ஆட்சிகள், விட்டுப்போன மாதங்கள் எல்லாவற்றோடும். முடித்ததும் இதழ் முகவரிக்கு அனுப்பினால் கூட்டிக் கழித்துப் பார்த்து எங்கே உதைக்கிறது என்று எழுதுகிறேன்.